மோட்டார் வண்டியின் ஒரு சிற்றுறுப்பு

மோட்டார் வண்டியைப் பற்றிப் பேசப் புகும் இளைஞர் எஞ்சினின் ஆற்றலையும், ஓட்டத்தின் விரைவையும், வண்ணத்தின் அழகையும் எடுத்தோதுவர். சக்கரத்தின் மறைவில், சேறும் புழுதியும் படிந்து, ஒரு சாணுக்குச் சற்று மிகுந்த நீளமுடையதாய் நிற்கும் ஓர் எஃகுக்கோலைப் பற்றிப் பேசுவார் அரியர். தொழிலாளர் அதனை ஸ்டெபிலைசர் லிங்க் என்றும், சுருக்கமாய் லிங்க் ராடு என்றும் வழங்குவர். அதன் தொழில் யாது, அது தேய்வது எவ்வாறு, தேய்ந்ததனை அறிவது எங்ஙனம், மாற்றுவது எப்படி என்னும் நான்கனையும் ஈண்டு முறையே ஆராய்வாம். பௌதிகம் பயிலும் மாணவர்க்கு இஃது ஒரு பாடமாகவும், சொந்த வண்டி வைத்திருக்கும் ஆசிரியர்க்கும் பழைய மாணவர்க்கும் ஒரு துணையாகவும் அமையும் என்பது என் கருத்து.

இதனை எழுதுமாறு என்னைத் தூண்டியது என் பிழையே. சில ஆண்டுகட்கு முன்னர் எனது வண்டியின் முன்புறத்தில் ஓர் ஓசை தோன்றிற்று. தார்ச்சாலையில் விரைந்து செல்லுங்கால் அது கேளாது. மேடுபள்ளமான தெருவில் மெல்லச் செல்லுங்கால், தகர டப்பாவினுள் கூழாங்கல்லை இட்டுக் குலுக்கினாற்போலக் கடகடவென ஒலிக்கும். ஒரு பட்டறைக்குக் கொண்டு சென்றேன். அங்குள்ளார் வண்டியைத் தூக்கிப் பாராமலே, "ஷாக் அப்சார்பர் இரண்டும் போய்விட்டன, சார், மாற்றினால் சரியாகிவிடும்" என்றனர். யானும் யாதொன்றும் வினவாது பணத்தைச் செலுத்தி இரண்டனையும் மாற்றுவித்தேன். வீடு திரும்பும் வழியிலேயே அவ்வோசை முன்போலவே கேட்டது. பின்னர், சாலையோரத்தில் சிறு கொட்டகை வைத்திருந்த முதியவர் ஒருவர் வண்டியின் கீழ்க் குனிந்து, ஒரு கோலைக் கையாற் பற்றி இருமுறை அசைத்து, "இதைத் தொட்டுப் பாருங்கள், ஐயா" என்றார். தொட்டேன், மூட்டு ஆடிற்று. ஷாக் அப்சார்பருக்குச் செலவிட்டதில் ஒரு சிறு பங்கே அதன் விலை. பல ஆண்டு பௌதிகம் கற்பித்த யான், என் வண்டியின் ஓசைக்குக் காரணம் காண ஒரு சோதனையும் செய்திலேன் என்பதை நினைந்து நாணினேன்.

நிற்க. முதற்கண் கிராஸோவர் என்னும் வண்டியின் இயல்பினைக் காண்பாம். சாதாரணக் காரின் உடலமைப்பையே தழுவி, ஆனால் தரையினின்றும் உயர்த்திக் கட்டப்பெற்ற வண்டி இது. சென்னைக்கு அண்மையிலுள்ள ஒரகடத்திலிருந்து 2012ஆம் ஆண்டில் ரெனோ டஸ்டரும், மறைமலைநகரிலிருந்து 2013ஆம் ஆண்டில் ஃபோர்டு ஈகோஸ்போர்ட்டும், ஸ்ரீபெரும்புதூரை அடுத்த இருங்காட்டுக்கோட்டையிலிருந்து 2015ஆம் ஆண்டில் ஹூண்டாய் கிரெட்டாவும் இவ்வகையில் வெளிவந்தன. இவற்றின் அடிப்பாகம் தரைக்கு ஏறக்குறைய 200 மில்லிமீட்டர் உயரத்தில் நிற்கும். பள்ளமும் வேகத்தடையும் மலிந்த சாலைகட்கு இவ்வுயரம் நன்றே. ஆயினும், உயரம் கூடுந்தோறும் புவியீர்ப்பு மையமும் உயரும். அம்மையம் உயருந்தோறும், வளைவில் திரும்பும் வண்டி வெளிப்புறமாகச் சாய முற்படும் நாட்டமும் மிகும்.

இந்நாட்டம் எத்துணை ஆபத்தை விளைக்கும் என்பதற்கு ஒரு சான்று கூறுவாம். 1997ஆம் ஆண்டு ஸ்வீடன் நாட்டுப் பத்திரிகை ஒன்றின் சோதனையில், சாலையிற் குறுக்கிட்ட விலங்கினைத் தவிர்ப்பதுபோல வண்டியைச் சட்டென இடமும் வலமும் திருப்பினர். அப்பொழுது மெர்சிடிஸ் ஏ கிளாஸ் என்னும் குறுகி உயர்ந்த புதிய கார் கவிழ்ந்துவிட்டது. கம்பெனியார் அதன் விற்பனையைச் சிறிது காலம் நிறுத்தி, சக்கரத் தாங்கல் அமைப்பினைத் திருத்தி, வண்டி நிலை பிறழாது காக்கும் மின்னணுக் கருவியையும் பொருத்திய பின்னரே மீண்டும் விற்றனர். உயர்ந்த வண்டிக்குச் சாய்வினை அடக்குதல் எத்துணை இன்றியமையாதது என்பது இதனாற் பெறப்படும்.

தண்டின் தொழில்

சாய்வினை அடக்கும் உறுப்பு ஸ்டெபிலைசர் தண்டு எனப்படும். இத்தகைய தண்டிற்குக் கனடா நாட்டினரான ஸ்டீபன் கோல்மன் என்பார் 1919ஆம் ஆண்டிலேயே காப்புரிமை பெற்றனர். நமது எழுத்துக்களுள் 'ப' என்பதனைப் படுக்கவைத்தாற் போன்ற வடிவினது அது. அதன் நடுப்பகுதி வண்டியின் குறுக்கே கிடந்து, இரண்டு ரப்பர்ப் புஷ்களினுள் சுழலும். இரு கைகளும் இடச்சக்கரத்தையும் வலச்சக்கரத்தையும் நோக்கி நீண்டிருக்கும். அக்கைகளின் நுனியைச் சக்கரத் தாங்கலோடு பிணைப்பதே நாம் ஆராயப்புகுந்த லிங்க்.

ஈரத்துணியைப் பிழிவாரைப் பார்த்திருப்பீர்கள். இரு கைகளையும் ஒரே பக்கமாகத் திருப்பினால் துணி உருளுமேயன்றி முறுக்குண்ணாது. எதிரெதிராகத் திருப்பினாலன்றோ முறுக்கேறி நீர் வடியும்? இத்தண்டும் அத்தகையதே. வேகத்தடையின்மேல் இரு சக்கரங்களும் ஒருங்கே ஏறுங்கால் தண்டு புஷ்களினுள் உருளும், அவ்வளவே. ஒரு சக்கரம் மேலெழ, மற்றொன்று கீழ்நிற்கும்போதோ, வளைவில் வண்டி ஒருபுறம் சாயும்போதோ, தண்டு முறுக்குண்டு, அம்முறுக்கினை எதிர்த்து வண்டியை நிமிர்த்த முயலும். அவ்விசை முழுவதும் லிங்கின் வழியாகவே செல்லுதல் வேண்டும். இவ்வேறுபாட்டை மறவாது மனத்திற் கொள்க. ஓசையின் காரணத்தை அறிதற்குத் திறவுகோல் இதுவே.

மாணவர் கருத்திற் கொள்ளத்தக்க கணக்கு ஒன்று உண்டு. முறுக்கினை எதிர்க்கும் வன்மை தண்டின் விட்டத்தினுடைய நான்காம் படிக்கு ஏற்பப் பெருகும். 20 மில்லிமீட்டர் விட்டமுள்ள தண்டினை 22 மில்லிமீட்டர் ஆக்கினால் விட்டம் கூடுவது பத்தில் ஒரு பங்கே, வன்மையோ 1.1ஐ நான்கு முறை பெருக்க வருகின்ற 1.46 மடங்காகும். ஆதலின், கண்ணுக்குச் சிறிதாகத் தோன்றும் தண்டும் பெருவிசையை ஏற்கும். அவ்விசையைக் கடத்தும் மூட்டிற் சிறிது இடைவெளி உண்டாயினும் அஃது ஓசையாக வெளிப்படும்.

லிங்கின் அமைப்பும் தேய்வும்

இவ்வண்டிகளின் முன் சக்கரங்களை மாக்ஃபெர்சன் என்னும் அமெரிக்க எஞ்சினியர் வகுத்த முறையில் அமைந்த தம்பங்கள் தாங்கும். இத்தம்பத்தினைத் தொழிலாளர் ஸ்ட்ரட் என்பர். சுருள்வில்லும் ஷாக் அப்சார்பரும் இதில் ஒன்றாகப் பொருந்தியிருக்கும். 1949ஆம் ஆண்டு முதற்கொண்டு ஃபோர்டு கம்பெனியின் ஐரோப்பிய வண்டிகளில் இம்முறை வழங்கலாயிற்று. அக்காலத்து வண்டிகள் பலவற்றில் ஸ்டெபிலைசர் தண்டே சக்கரத்தை முன்பின் நகராது பிடித்து நிறுத்தும் வேலையையும் செய்தது. இக்காலத்து வண்டிகளிலோ அவ்வேலையை லோயர் ஆர்ம் என்னும் கீழ்க்கை ஏற்றுக்கொண்டது. தண்டு சாய்வினை மட்டும் கவனிக்கின்றது.

லிங்கின் கீழ்நுனி தண்டின் கையிலும், மேல்நுனி தம்பத்திலும் பூட்டப்படும். ஸ்டியரிங்கைத் திருப்புங்கால் தம்பமும் உடன் திரும்புமாதலின், மேல்நுனி பக்கவாட்டிலும் அசையும். சக்கரம் ஏறி இறங்குங்கால் மேலுங்கீழும் அசையும். எல்லாத் திசையிலும் வளைந்து கொடுக்கவல்ல மூட்டு இரு நுனிகளிலும் வேண்டப்படுவது இதனாலேதான். நமது தோள்மூட்டினைப் போல, ஓர் எஃகு உருண்டை வழுவழுப்பான பிளாஸ்டிக் கிண்ணத்தினுள் அமர்ந்து, கிரீஸினால் நனைந்து, ரப்பர் உறையினால் மூடப்பெற்றிருக்கும். தொழிலாளர் இதனைப் பால் ஜாயிண்ட் என்பர்.

அழிவு தொடங்குவது ரப்பர் உறையில். வெயிலாலும், கல்லடியாலும், வயது முதிர்வாலும் அவ்வுறை வெடிக்கும். வெடிப்பின் வழியே மழைநீரும் மணலும் உட்புகும். கிரீஸ் வெளியேற, உருண்டை துருப்பிடித்துச் சொரசொரப்பாகி, கிண்ணத்தை அரிக்கும். மயிரிழையளவு இடைவெளி தோன்றியபின், சாலையின் ஒவ்வொரு சிறு மேடும் ஒரு சம்மட்டியடியாகி அவ்விடைவெளியைப் பெருக்கும். நல்ல சாலையில் நெடுங்காலம் உழைக்கும் லிங்க், குண்டுங் குழியுமான தெருக்களில் விரைவில் தேய்தல் இயல்பே. அதனைக் குற்றமென்று கருதுதல் தகாது.

நோயறிதல்

முன்புறத்து ஓசைக்கு லிங்க் ஒன்றே காரணம் அன்று. தம்பத்தின் தலையிலுள்ள ரப்பர், தண்டின் புஷ்கள், டை ராடு எண்ட், லோயர் ஆர்மின் பால் ஜாயிண்ட் ஆகிய யாவும் ஓசை தரவல்லன. இவற்றுள் கடையிற் கூறியது மிகவும் அஞ்சத்தக்கது. லிங்க் முறிந்தால் வண்டி வளைவில் மிகுதியாகச் சாயும். மெல்ல ஓட்டி வீடு சேரலாம். கீழ் பால் ஜாயிண்ட் கழன்றாலோ சக்கரம் மடிந்து வண்டி கட்டுக்கடங்காது போகும். ஓசை இரண்டிற்கும் ஏறக்குறைய ஒன்றே. ஆதலின், "லிங்க் ஓசைதானே" என்று சோதியாமலே இருத்தலும், சோதியாமலே விலையுயர்ந்த உறுப்பினை மாற்றுதலும் ஆகிய இரண்டும் பிழையாம். முன்னது உயிருக்கும் பின்னது பொருளுக்கும் கேடு.

முதற் சோதனை சாலையிலே செய்வது. வேகத்தடையின்மீது நேராக, இரு சக்கரமும் ஒருங்கே ஏறுமாறு மெல்லச் செலுத்துக. பின்னர், ஒரு சக்கரம் மட்டும் பள்ளத்தில் இறங்குமாறு செலுத்துக. முன்னதில் ஓசை அடங்கி, பின்னதில் மிகுமாயின், தண்டையோ அதன் புஷ்ஷையோ லிங்கையோ ஐயுறுதல் தகும். துணி பிழியும் உவமையை ஈண்டு நினைவு கூர்க.

இரண்டாவது சோதனை கையினாற் செய்வது. முன் சக்கரங்கள் இரண்டனையும் உயர்த்தி, பின்னர்க் கூறப்படும் முறையில் ஸ்டாண்டுகளின்மேல் நிறுத்தியபின், லிங்கினைப் பற்றி மேலுங்கீழுமாக வலிந்து அசைக்க. 'டக்' என்னும் ஓசையோ, விரலுக்குத் தட்டுப்படும் ஆட்டமோ உளதாயின் மூட்டுத் தேய்ந்தது என்பது தெளிவு. லிங்க் தன் அச்சின்மேல் இருபுறமும் சிறிது உருளுதல் இயற்கை. அதனைத் தேய்வென்று மயங்கற்க. ரப்பர் உறை கிழிந்திருப்பின், ஆட்டம் இன்றேனும் நாளை வரும் என்று கொள்க.

மூன்றாவதாக, உயர்ந்து நிற்கும் சக்கரத்தின் அடியில் நீண்ட நெம்புகோலை இட்டு மெல்ல மேலே தூக்கி, மற்றொருவர் கீழ் பால் ஜாயிண்டினை உற்று நோக்குக. அங்கே ஆட்டம் காணின், ஏனைய வேலைகளை நிறுத்திவிட்டு அதனையே முதலில் மாற்றுதல் வேண்டும். அதுவரை வண்டியைச் சாலையில் ஓட்டலாகாது. சக்கரத்தின் இடவிளிம்பையும் வலவிளிம்பையும் பற்றி அசைக்குங்கால் ஆட்டம் தோன்றின், டை ராடு எண்டினையும் ஆராய்க.

மாற்றும் முறை

வேண்டும் கருவிகள் மிகுதியல்ல: ஜாக்கி ஒன்று, ஜாக்கி ஸ்டாண்டு இரண்டு, சக்கரக் கட்டைகள், வீல் ஸ்பேனர், நட்டிற்கேற்ற ரிங் ஸ்பேனர், ஆலன் கீ, கம்பித் தூரிகை, துரு இளக்கும் எண்ணெய், டார்க் ரெஞ்ச் ஆகியவை. புதிய லிங்குகளை இடமும் வலமுமாக இணையாகவே வாங்குதல் நன்று. ஒன்று தேய்ந்த அளவிற்கு மற்றொன்றும் உழைத்திருக்குமன்றோ? நட்டுக்களும் புதியனவாகவே இருத்தல் வேண்டும். கழலாது பிடிக்கும் இவ்வகை நட்டு ஒருமுறைக்கே உரியது.

வண்டியைச் சமதளமான கெட்டித் தரையில் நிறுத்தி, கைப்பிரேக்கை இட்டு, பின் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கட்டை கொடுக்க. சக்கரம் தரையில் இருக்கும்பொழுதே அதன் நட்டுக்களைச் சிறிது தளர்த்துக. பின்னர், வண்டிப் புத்தகத்திற் குறித்த இடத்தில் ஜாக்கியை வைத்து உயர்த்தி, உறுதியான பாகத்தின்கீழ் ஸ்டாண்டினை நிறுத்துக. ஜாக்கியை மட்டும் நம்பி வண்டியின் அடியில் தலையையோ கையையோ நுழைத்தல் கூடாது. ஜாக்கி தூக்குவதற்கு உரியது. தாங்குவதற்கு உரியது ஸ்டாண்டு. இவ்வொரு விதியை மீறி உயிரிழந்தார் பலர்.

இனி ஒரு நுட்பம். மாற்றுவது ஒரு லிங்கேயாயினும் இரு சக்கரங்களையும் ஒருங்கே உயர்த்துக. ஒருபுறத்தை மட்டும் உயர்த்தினால், அப்புறத்துச் சக்கரம் தொங்க, மறுபுறத்துச் சக்கரம் தரையில் நிற்கும். தண்டு முறுக்குண்டு லிங்கினை இழுத்துப் பிடித்திருக்கும். நட்டினைக் கழற்றியும் லிங்க் வெளிவராது. வந்தாலும் தண்டு துள்ளிக் கையில் அடிக்கும். புதிய லிங்கின் துளையும் நேர்படாது. இரு சக்கரமும் ஒரே அளவில் தொங்குமாயின் தண்டில் முறுக்கு இராது. லிங்க் இலேசாகக் கழலும். இதனை அறியாதார் சம்மட்டி எடுப்பர். அறிந்தார் மற்றொரு ஸ்டாண்டினை எடுப்பர்.

சக்கரங்களைக் கழற்றியபின், லிங்கின் திருகுமரையை நட்டிற்கு வெளியே உள்ள பகுதியில் கம்பித் தூரிகையால் நன்கு தேய்த்து, எண்ணெய் தெளித்துச் சிறிது நேரம் விடுக. நட்டினைத் திருப்புங்கால் உருண்டையும் உடன் சுழல முற்படும். அதனைத் தடுத்தற்கு மரையின் நுனியில் ஆலன் கீ நுழையும் பள்ளமேனும், ரப்பர் உறையின் பின்னே மெல்லிய ஸ்பேனர் பற்றும் தட்டையேனும் அமைந்திருக்கும். பள்ளத்தில் நிறைந்த மண்ணை ஊசியாற் குடைந்து நீக்கி, ஆலன் கீயை அடிவரை செலுத்தி, அதனை அசையாது பிடித்து, ரிங் ஸ்பேனரால் நட்டினைத் திருப்புக. துரு மிகுந்து பள்ளம் மழுங்கிவிடின், இரும்பறுக்கும் வாளால் நட்டினை அறுத்தல் ஒன்றே வழி. அவ்வமயம் அருகிற் செல்லும் பிரேக் ஹோஸ், ஏ.பி.எஸ். ஒயர், அச்சின் ரப்பர் உறை ஆகியவற்றிற்குத் தீங்கு நேராவண்ணம் மறைத்துக்கொள்க. கண்களுக்கும் கண்ணாடி அணிக.

பழைய லிங்கினையும் புதியதனையும் அருகருகே வைத்து, நீளமும், இரு நுனிகளும் நோக்கும் திசையும் ஒத்துள்ளனவா என்று பார்க்க. சில வண்டிகளில் இடத்திற்கும் வலத்திற்கும் லிங்க் வேறுபடும். பின்னர் இரு நுனிகளையும் துளையிற் செலுத்தி, நட்டுக்களைக் கையாலேயே முதற்சுற்றுக்களைத் திருகி, அதன்பின் கருவியால் இறுக்குக. எத்துணை இறுக்க வேண்டும் என்பது வண்டிக்கு வண்டி வேறுபடுமாதலின், அவ்வண்டியின் கைந்நூலில் உள்ள அளவினைப் பின்பற்றி டார்க் ரெஞ்சால் முடிக்க. இறுக்குங்கால் ரப்பர் உறை முறுக்குண்ணாது பார்த்துக்கொள்க. புதிய உறை முதல் நாளே கிழியுமாயின் செய்த வேலை வீண்.

சக்கரங்களைப் பூட்டி, வண்டியை இறக்கி, சக்கர நட்டுக்களை எதிரெதிர் முறையில் கைந்நூலிற் கண்ட அளவிற்கு இறுக்குக. முன்பு ஓசை கேட்ட அதே தெருவில் அதே மெல்லிய வேகத்தில் ஓட்டிப் பார்க்க. சில நாள் ஓடியபின் நட்டுக்களை மறுபடியும் ஒருமுறை சோதித்தல் நலம்.

லிங்க் மாற்றினால் வீல் அலைன்மெண்ட் செய்ய வேண்டுமோ என்று சிலர் வினவலாம். வேண்டா. மேலே கூறியாங்கு, இக்காலத்து வண்டியில் சக்கரத்தின் நிலையை வரையறுப்பது லோயர் ஆர்மும் தம்பமும் டை ராடுமேயாம், லிங்க் அன்று. பின்புறத்தைப் பற்றிக் கவலையுறுவாரும் உளர். இவ்வகை வண்டிகளிற் பலவற்றில் பின் சக்கரங்களை ஒரே உத்திரம் இணைத்து, அதுவே முறுக்குண்டு சாய்வினை அடக்கும். அங்கே லிங்க் இராது. நான்கு சக்கரங்களாலும் இயங்கும் வண்டிகளில் மட்டும் பின்புறத்தையும் நோக்குதல் வேண்டும்.

முடிவுரை

ஃபோர்டு கம்பெனியார் 2021ஆம் ஆண்டில் இந்தியாவிற் கார் செய்தலை நிறுத்துவதாக அறிவித்தனர்; 2022ஆம் ஆண்டோடு மறைமலைநகரில் ஈகோஸ்போர்ட் உற்பத்தி முடிவுற்றது. ஆயினும் அவ்வண்டிகள் பல இன்னும் நம் சாலைகளில் ஓடுகின்றன. செய்தவர் நிறுத்தினாலும் செய்யப்பட்டது ஓடிக்கொண்டேயிருக்கும்; அதனைக் காக்கும் அறிவு, வைத்திருப்பவரிடத்தும் அண்டையிலுள்ள தொழிலாளரிடத்தும் இருத்தல் வேண்டும்.

அம்முதியவர் கல்லூரியின் வாயிலைக் கண்டவரல்லர். முறுக்கு விசையின் நான்காம் படியினை அவர் அறியார். ஆயினும், மாற்றுவதன் முன் தொட்டுப் பார்த்தார். யான் நான்காம் படியினை அறிந்திருந்தேன், தொட்டுப் பார்த்திலேன். நூலறிவும் கையறிவும் இருவேறிடத்து நிற்பின் இரண்டும் குறையுடையனவே. நமது மாணவர் பௌதிகச் சாலையில் ஊசலையும் வில்லையும் அளப்பது போலவே, தம் வீட்டு வண்டியின் அடியிலும் ஒரு நாள் குனிந்து பார்ப்பாராக. அன்று ஏட்டிலுள்ள கணக்கு எஃகில் நின்று தொழில் செய்வதை அவர் காண்பர். இனி வரும் ஓசை எதுவாயினும், பணத்தை எடுக்குமுன் காரணத்தைத் தேடும் பழக்கமும் அவரிடத்து வேரூன்றும்.